படத்தில் தெரிவது மட்டும்

அவர் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. எழுதினால் தில்லி ஆர்.கே.புரத்துப் பழைய ஆட்களில் யாராவது ஒருவர் போன் செய்து, "ஏன் சார், அந்த அம்மா நிஜமாவே அப்படித்தான் பேசினாங்களா?" என்று ஆரம்பித்துவிடுவார். அப்படித்தான் பேசினார். சாட்சி நான்தான். அவர் வாயில் அகப்பட்டுச் சின்னாபின்னமான வாக்கியங்கள் எல்லாம் நான் எழுதியவை.

எழுபதுகளில் ரஷ்யப் படங்களைக் காட்டுவதற்கென்றே தில்லியில் ஒரு நட்புறவுச் சங்கம் இருந்தது. ஒரு வேன், ஒரு ப்ரொஜெக்டர், கார்வால் மலைப்பக்கத்து ஆபரேட்டர் ஒருவர். காலனி காலனியாக வந்து டாகுமெண்டரி காட்டிவிட்டுப் போவார்கள். கோதுமை வயல் வரும், அணைக்கட்டு வரும், கடைசியில் கட்டாயம் ஒரு விளையாட்டு வீரர் வருவார். படம் ரஷ்ய மொழியில் இருக்கும், அல்லது இங்கிலீஷில். தமிழர்கள் கூடும் இடமென்றால் படத்தின் ஒலியைக் குறைத்துவிட்டு, திரைக்குப் பக்கத்தில் மேஜை போட்டு, ஒரு சின்ன விளக்கு வெளிச்சத்தில் யாராவது மைக்கில் தமிழ் வர்ணனையை வாசிக்க வேண்டும். இங்கிலீஷிலிருந்து தமிழில் எழுதித் தருவது என் வேலை. வாசிப்பது அந்த அம்மாளின் வேலை. பகலில் நான் ஒரு பவனிலும் அவர் வேறொரு பவனிலும் மத்திய அரசாங்கத்துக்கு ஃபைல் தள்ளிக்கொண்டிருந்தோம்.

அந்தப் படங்களில் விளையாட்டு வீரரைக் கேமரா எப்போதும் கீழேயிருந்து அண்ணாந்துதான் பார்க்கும். அவருக்குப் பின்னால் வானம், வானத்தில் கொடி. ஒரு பெண் வட்டு எறிந்தால் ஒரு தேசமே எறிந்தது என்பார்கள். ஒருவர் தண்ணீரில் குதித்தால் கோடி மக்களும் கூடவே குதிப்பார்கள். எனக்கு இதெல்லாம் மிகவும் பிடித்திருந்தது. தாயகம், எஃகு, வீரப்புதல்வி, பெருமிதம் என்று இங்கிலீஷில் இருப்பதைவிட ஒரு பிடி தாராளமாகவே போடுவேன்.

முதல் நாளே தகராறு வந்தது. ஜிம்னாஸ்டிக் செய்யும் ஒரு சின்னப் பெண்ணைப் பற்றிய படம். அந்தப் பெண் ஒடுங்கிய மரக்கட்டையின் மேல் ஏறுவதற்கு முன் கேமரா அவள் முகத்துக்குப் பக்கத்தில் போய் நிற்கிறது. 'அவள் முகத்தில் தாயகத்தின் பெருமிதம் பொங்குகிறது' என்று எழுதிக் கொடுத்திருந்தேன். அம்மாள் மைக்கின் முன்னால் உட்கார்ந்து, காகிதத்தைப் பார்த்தார், திரையைப் பார்த்தார், மறுபடி காகிதத்தைப் பார்த்தார். பிறகு நிதானமாக, "இந்தப் பெண் எச்சில் விழுங்குகிறாள். பயமாக இருக்கிறது போலிருக்கிறது" என்றார்.

ஹாலில் அதுவரை வேர்க்கடலை கொறித்துக்கொண்டிருந்த ஜனம் அப்படியே நிறுத்திவிட்டது. அந்தப் பெண் கட்டையின் மேல் திரும்பிக் குதித்து நின்றபோது பின் வரிசையில் யாரோ ஒரு அம்மா "அப்பாடா" என்றது எனக்குக் கேட்டது. இருந்தாலும் எனக்குக் கோபம்தான். படம் முடிந்ததும் போய்க் கேட்டேன்.

"என்ன மேடம், நான் எழுதினதை வாசிக்கத்தானே நீங்க?"

"வாசிக்கத்தான் வந்தேன். நீங்க பொங்குதுன்னு எழுதிருக்கீங்க. எனக்கு ஒண்ணும் பொங்குத மாதிரி தெரியலயே சார்."

"ஸ்கிரிப்ட்ல அப்படித்தான் இருக்கு."

"இருக்கட்டும். படத்துல இல்லல்லா? படத்துல தெரியாதத நான் எப்படிச் சொல்லுவேன்?"

திருநெல்வேலிப் பக்கத்துக்காரர். தில்லிக்கு வந்து எத்தனையோ வருஷமாகியும் பேச்சில் தாமிரபரணி வற்றவில்லை. ஆனால் மைக் முன்னால் உட்கார்ந்தால் அச்சுத் தமிழ்தான் வரும். ஒல்லியான உருவம், முகத்தைவிடப் பெரிய மூக்குக் கண்ணாடி, பருத்திப் புடவைக்கு மேல் ஏப்ரல் வரை கழற்றாத சாம்பல் நிற கார்டிகன். வாசிக்க ஆரம்பிக்கும் முன் கன்னத்தில் ஒரு சின்னத் துண்டு கருப்பட்டியை ஒதுக்கிக்கொள்வார். தொண்டைக்கு நல்லதாம். அதனால் முதல் ஐந்து நிமிஷம் குரல் கொஞ்சம் இனிப்பாகவே இருக்கும்.

படத்தில் தெரிவதைத்தான் சொல்வேன் என்பது அவருடைய ஒரே கட்டுப்பாடு. அதற்காக அவர் சொன்னதெல்லாம் சரி என்று நினைக்க வேண்டாம். பளு தூக்கும் ஒரு மாமிசமலை ஒருமுறை வந்தார். கம்பியைப் பிடித்துவிட்டுத் தயங்கினார். "இவரால் முடியாது. கை நடுங்குகிறது" என்று மைக்கில் அறிவித்துவிட்டார் நம் அம்மாள். அந்த மனிதரோ அநாயாசமாகத் தூக்கித் தலைக்கு மேல் நிறுத்தினார். ஹால் கொல்லென்று சிரித்தது. "தூக்கிவிட்டார். நான் சொன்னது தப்பு" என்று அதையும் மைக்கிலேயே சொன்னார். குரலில் வெட்கமே இல்லை. எனக்குத்தான் அல்ப சந்தோஷம்.

பதக்க மேடைக் காட்சிகளில் அவரோடு பெரிய ரோதனை. கீதம் ஒலிக்கும், கொடி ஏறும், வீரரின் கண்ணில் நீர் திரளும். அந்த இடத்துக்காகவே நான் நல்ல சொற்களைச் சேர்த்து வைத்திருப்பேன். இந்த அம்மாள், "கூட்டத்தில் யாரையோ தேடுகிறார். இன்னும் கிடைக்கவில்லை" என்பார். ஒருமுறை அப்படிச் சொல்லி முடிப்பதற்குள் அந்த நீச்சல்காரப் பெண் கையைத் தூக்கி யாருக்கோ ஆட்டினாள். "கிடைத்துவிட்டார்கள்" என்றார். அன்று நானே எக்கி நின்று, அது யாரென்று கூட்டத்தில் தேடினேன். என் நல்ல சொற்களில் ஒன்றுகூட அந்த வேலையைச் செய்ததில்லை.

முதல் வரிசையில் தூதரகத்திலிருந்து ஒரு ரஷ்யர் வந்து உட்காருவார். நல்ல மனிதர். தமிழில் ஒரு சொல்லும் தெரியாது. அம்மாள் என்ன சொன்னாலும் பலமாகத் தலையை ஆட்டுவார். அதனால் எங்கள் இருவருடைய உத்தியோகமும் பத்திரமாக இருந்தது.

மைக்குக்கு வெளியிலும் அவர் அப்படித்தான். அவருடைய ஆபீஸில் ஒருவர் ரிட்டயர் ஆனபோது எல்லோரும் 'கடமை வீரர்' என்று புகழ்ந்திருக்கிறார்கள். இவரையும் நாலு வார்த்தை பேசச் சொன்னார்களாம். "லஞ்சுக்குப் பிறகு சாரை நான் சீட்டில் பார்த்ததில்லை" என்று தொடங்கினாராம்.  "ஆனா ஆபீஸ்ல யாருக்கு உடம்பு முடியலேன்னாலும் சப்தர்ஜங் ஆஸ்பத்திரி வாசல்ல மொதல்ல நிக்கது அவருதான். அதப் பாத்திருக்கேன்" என்று முடித்தாராம். மாலையும் கையுமாக நின்ற அந்த மனிதர் இந்த இரண்டாவது வாக்கியத்துக்குத்தான் அழுதார் என்று கேள்விப்பட்டேன்.

அந்த அம்மாளுக்கு ஒரு தம்பி. பத்து வயசுக்கு மேல் இளையவன். தாய் தகப்பன் அடுத்தடுத்துப் போய்விட, தில்லியில் வேலை கிடைத்த கையோடு அவனையும் ரயிலேற்றிக் கூட்டி வந்து, மந்திர் மார்க் தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் படிக்க வைத்து ஆளாக்கினார். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஏன் என்று யாரும் கேட்டதாகத் தெரியவில்லை. கேட்டிருந்தால் பதில் சொல்லியிருப்பார். பையன் ராணுவத்தில் சேர்ந்தான். ஓட்டக்காரன். தில்லி கண்டோன்மெண்டில்தான் போஸ்டிங். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் அக்கா வீட்டுக்கு வந்துவிடுவான். அக்கா ஐ.என்.ஏ. மார்க்கெட் வரை போய்த் தேங்காய் வாங்கி வந்து, பால் பிழிந்து சொதி வைப்பார். அந்த வாசனை மாடிப்படியில் இறங்கினால் தம்பி வந்திருக்கிறான் என்று பிளாக்குக்கே தெரியும்.

அவனை மாஸ்கோவுக்கு அனுப்பத் தேர்ந்தெடுத்தார்கள். பல நாட்டுப் பிள்ளைகள் கூடி ஓடும் தடகளப் போட்டி. காலனித் தமிழர்களுக்குத் தலைகால் புரியவில்லை. ஹாலில் வழியனுப்பு விழா வைத்து, மலை மந்திர் முருகன் விபூதியை நெற்றி கொள்ளாமல் பூசினார்கள். எங்கள் காலனித் தமிழ் மன்றத்துச் செயலாளர் அவனைப் பாரதச் சிங்கம் என்றார், தமிழினத்தின் கால்கள் என்றார். எல்லாம் என் படங்களைப் பார்த்துக் கற்றுக்கொண்ட சொற்கள்தான். பையன் தலையைக் குனிந்துகொண்டே இருந்தான். கடைசியில் அக்காவைப் பேசச் சொன்னார்கள்.

"இவன் நல்லா ஓடுவான். மூச்சு மட்டும் கடைசிச் சுத்துல கொஞ்சம் வாங்கும்" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டார். செயலாளர் அவசரமாகக் கைதட்டச் சொன்னார்.

போனான், ஓடினான், திரும்பி வந்தான். பேப்பரில் முதல் மூன்று பேர் பெயர் மட்டும் போட்டிருந்தது. அதில் அவன் இல்லை. பையன் கடைசியாம் என்று யாரோ எங்கேயோ கேட்டு வந்து சொன்னார்கள். வரவேற்பு விழா பற்றிய பேச்சு சத்தமில்லாமல் நின்றுபோனது. ஆனால் ஆறுதல் சொல்வது நிற்கவில்லை. பஸ் ஸ்டாப்பில், பால் பூத்தில், கோவில் படியில், எங்கே அவனைப் பார்த்தாலும், "கலந்துக்கிட்டதே பெரிய விஷயம்பா" என்று ஒவ்வொருவராக முதுகில் தட்டினார்கள். முதுகு எத்தனை தட்டைத்தான் தாங்கும்? பையன் காலனிக்கு வருவதையே நிறுத்திவிட்டான். ஞாயிற்றுக்கிழமைகளில் மாடிப்படியில் எந்த வாசனையும் இல்லை.

அம்மாள் சொதியைத் தூக்குச்சட்டியில் எடுத்துக்கொண்டு கண்டோன்மெண்டுக்குப் பஸ் ஏறினார். ஒருமுறை நானும் துணைக்குப் போனேன். கேட்டுக்கு வெளியே வேப்பமரத்தடியில் நின்றுதான் பேசினார்கள். பையன் இளைத்திருந்தான்.

"வீட்டுக்கு வால. ஒரு வாய் தின்னுட்டுப் போயிரு."

"நீ இங்கன வாக்கா. அங்க நான் வரல. எல்லாரும் என் மொகத்தையே பாக்காங்க."

"ஓட்டம் எப்படி இருந்துச்சு? அதயாவது சொல்லு."

"அதக் கேக்காத."

"சரி, கேக்கல. காலைல ஓடப் போறியா?"

"விட்டுட்டேன். அஸ்ஸாம் பக்கம் மாத்தல் கேட்டிருக்கேன். அங்க என்னை யாருக்கும் தெரியாது."

தூக்குச்சட்டியை வாங்கிக்கொண்டு உள்ளே போய்விட்டான். திரும்பி வரும் பஸ்ஸில் அம்மாள் ஜன்னல் பக்கம் முகத்தை வைத்துக்கொண்டிருந்தார். எனக்குத் தாங்கவில்லை.

"மேடம், நீங்க ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். நீ நல்லாத்தான் ஓடியிருப்பே, எனக்குத் தெரியும்னு. அவனுக்கு அதுதான் வேணும்."

"எனக்கு எப்படித் தெரியும் சார்? நான் அங்க இல்லையே." கண்ணாடியைக் கழற்றிப் புடவைத் தலைப்பில் துடைத்தார். "எல்லாரும் பாக்காமலே சொல்லுதாங்க. அதுதான் அவன வெரட்டுது. நானும் பாக்காமச் சொன்னா அவன் யாருகிட்டப் போவான்?"

எனக்கு அது ஏறவில்லை. கோபம்தான் வந்தது. தம்பி கண்காணாத இடத்துக்குப் போகிறான், இந்த அம்மாள் இப்போதுமா படத்தில் தெரிகிறதா என்று பார்க்க வேண்டும் என்று நினைத்தேன். பெற்ற தாய்க்கு மேலாக வளர்த்தவர் ஒரு சின்னப் பொய் சொன்னால் என்ன குறைந்துவிடும்? ஸ்டாப் வந்ததும் அவருக்குக் காத்திராமல் இறங்கி நடந்துவிட்டேன்.

குளிர் காலம் தொடங்கியபோது அந்த மாஸ்கோ போட்டியைப் பற்றிய டாகுமெண்டரியைக் காட்ட ஏற்பாடானது. ஸ்கிரிப்ட் என் கைக்கு முதலில் வந்தது. இந்தியா என்ற சொல்லைத் தேடித் தேடிப் பார்த்தேன், இல்லை. நெடுந்தூர ஓட்டத்தில் ஜெயித்த அவர்கள் நாட்டு வீரரைப் பற்றித்தான் பக்கம் பக்கமாக இருந்தது. படப்பெட்டி கடைசி நேரத்தில்தான் வரும் என்றதால் முன்கூட்டிப் போட்டுப் பார்க்கவும் வழியில்லை. விஷயத்தை அம்மாளிடம் சொன்னேன். அவர் மறுநாளே கண்டோன்மெண்டுக்குப் போய், "நீ ஓடின படம் வருது. நான்தான் பேசுதேன். வா" என்றிருக்கிறார். வரமாட்டேன் என்றுவிட்டான். மாற்றல் உத்தரவு வந்துவிட்டது, அடுத்த வாரம் ரயில் என்றும் சொல்லியிருக்கிறான்.

அன்று சாயங்காலம் ஹால் நிறைந்திருந்தது. செயலாளர் முன் வரிசையில் ரஷ்யருக்குப் பக்கத்தில். நான் வழக்கம்போல் பின்னால் ப்ரொஜெக்டர் அருகில். விளக்கை அணைத்ததும் கதவு லேசாகத் திறந்து மூடியது. குரங்குக் குல்லாயும் ஸ்வெட்டருமாக ஒரு ஆள் உள்ளே வந்து சுவரோடு ஒட்டி நின்றான். நிற்கிற நிலையிலேயே யாரென்று எனக்குத் தெரிந்துவிட்டது. மேஜை விளக்கு வெளிச்சத்தில் இருந்த அக்காவுக்கு இருட்டில் நின்ற தம்பி தெரிந்திருக்க முடியாது.

கோதுமை வயல் போனது, அணைக்கட்டு போனது, ஓட்டம் வந்தது. அம்மாள் ஆச்சரியமாக நான் எழுதியதையே வாசித்துக்கொண்டு வந்தார். குரல் மட்டும் கொஞ்சம் தட்டையாக இருந்தது. ஓட்டக்காரர்கள் கும்பலாக வரும்போதெல்லாம் எட்டி எட்டித் திரையைப் பார்த்தார். அந்த வீரர் தனியாகப் பிரிந்து வந்தார், நாடாவை நெஞ்சால் அறுத்தார். கேமரா அவரோடு போகவில்லை. எவ்வளவு தூரம் முந்தி வந்தார் என்று காட்டுவதற்காகவோ என்னவோ, பின்னால் மற்றவர்கள் இன்னும் ஓடிக்கொண்டிருப்பதைக் காட்டிக்கொண்டு நின்றது.

'எஃகு நெஞ்சில் தாயகத்தைச் சுமந்து' என்ற என் வரிக்கான இடம் அது. வரி வரவில்லை. மைக்கில் மூச்சுச் சத்தம் மட்டும் கேட்டது. காகிதம் கலைந்துவிட்டதோ என்று பதறினேன்.

"ஜெயித்தவர் நின்றுவிட்டார்" என்றது அம்மாளின் குரல். "மற்றவர்கள் இன்னும் ஓடுகிறார்கள்." சற்று நேரம் கழித்து, "கடைசியில் வருகிறவன் என் தம்பி" என்றார்.

 செயலாளர் பாதி எழுந்து என்ன செய்வதென்று தெரியாமல் மறுபடி உட்கார்ந்தார். ரஷ்யர் தலையை ஆட்டினார்.

"வாயைத் திறந்துகொண்டு ஓடுகிறான். மூச்சு வாங்குகிறது. இடது தோள் இறங்கிவிட்டது. யாரும் இவனைப் பார்க்கவில்லை, எல்லோரும் ஜெயித்தவரைப் பார்க்கிறார்கள். இவன் ஓட்டத்தைக் குறைக்கவில்லை. கோடு வரைக்கும்..." அந்த இடத்தில் குரல் உடைந்தது.

"யக்கா!"

ஹால் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. குல்லாயைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு அவன் சுவரை விட்டு நகர்ந்து வந்திருந்தான்.

"நான் கடைசி இல்லக்கா. எனக்குப் பின்னால ஒருத்தன் வாரான் பாரு. நெட்டையா. நல்லாப் பாரு!"

எல்லோரும் திரையைப் பார்த்தோம். நிஜமாகவே ஒருவன் வந்துகொண்டிருந்தான். எந்த நாட்டுக்காரனோ, ஒட்டகச்சிவிங்கி மாதிரி உயரம், தள்ளாடித் தள்ளாடி வந்தான். யாரோ சிரிக்க, சட்டென்று ஹாலே சிரித்தது. அவனும் சிரித்தான். மாஸ்கோவிலிருந்து வந்த பிறகு நான் அவன் பல்லைப் பார்த்தது அன்றுதான்.

"ஆமா, வாரான்" என்று மைக்கிலேயே சொன்னார் அம்மாள். அச்சுத் தமிழ் ஓடிப்போய்விட்டது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "ஏல, நீ எப்பம் வந்த? அங்கன ஏன் நிக்க? முன்னால வா" என்றார். அத்தனையும் இரண்டு ஸ்பீக்கரிலும் கணீரென்று கேட்டது.

நடுப்பாதை வழியே அவன் நடந்து போனான். ப்ரொஜெக்டர் வெளிச்சத்தில் அவன் தலையின் நிழல் பெரிதாகத் திரையில் விழுந்து, அங்கே மறுபடி வந்திருந்த ஜெயித்தவரை மறைத்தது. "அரே பாயி, ஜல்தி பைட்டோ!" என்று ஆபரேட்டர் சீக்கிரம் உட்காரச் சொல்லிக் கத்தினார். அவன் அக்காவின் மேஜையோரம் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தான்.

படம் அதன் பாட்டுக்கு ஓடியது. பதக்க மேடை, கொடி, கீதம். என் காகிதங்கள் மேஜையில் கிடந்தன. அம்மாள் குனிந்து அவனிடம் பேசியதெல்லாம் மைக்கில் விழுந்தது, நாங்களும் கேட்டுக்கொண்டிருந்தோம்.

"அந்த நெட்டையன் யாருல?"

"தெரியலக்கா. அவன் பாஷை எனக்குப் புரியாது. கோட்டைத் தாண்டினதும் விழப் பாத்தான். நான் திரும்பி ஓடிப்போய்த் தாங்கினேன். என்னக் கட்டிப் பிடிச்சுக்கிட்டு அழுதான். நானும் அழுதேன்."

"படத்துல அது வரலியே."

"அதுக்குள்ள கேமரா அந்தப் பக்கம் போயிருச்சுக்கா."

அம்மாள் திரையைப் பார்த்தார். கொடி உச்சிக்கு ஏறிக்கொண்டிருந்தது. தம்பியின் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். அப்புறம் முதுகை நிமிர்த்திக்கொண்டு, மைக்கைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டார். அச்சுத் தமிழ் திரும்பி வந்தது.

"கடைசியில் வந்தவரை என் தம்பி ஓடிப்போய்த் தாங்கிக்கொண்டான். இருவரும் கட்டிக்கொண்டு அழுதார்கள்" என்று ஹாலுக்கு அறிவித்தார். "படத்தில் இது இல்லை. இவன் சொல்கிறான்."